சிஸ்தா வெள்ளைதான் உடுத்துவாள்

சேகர்,

உன் பெயருக்கு முன்னால் எதையும் போடவில்லை. 'அன்புள்ள' என்று எழுதப் போய் நிறுத்திக்கொண்டேன். இதைப் படித்து முடித்த பிறகு அந்த வார்த்தையே உனக்குக் கசந்துபோகும். எழுத்து கோணல்மாணலாக இருக்கிறதே என்று திட்டாதே. காலண்டர் அட்டையில் ஒரு வரி அகலத்துக்கு ஓட்டை வெட்டி, அதைக் காகிதத்தின் மேல் வைத்து அந்த ஓட்டைக்குள் எழுதுகிறேன். கண்ணில் அழுத்தம் ஏறிவிட்டது, போன பார்வை திரும்ப வராது என்று டாக்டர் சொல்லிவிட்டார். இருபக்கமும் இருட்டு. நடுவில் ஓர் எட்டணா அளவுக்கு மட்டும் தெரிகிறது. இதைப் போன கடிதத்தில் எழுதினேன். அதைப் படித்துவிட்டுத்தான், இங்கே பம்பாயில் கல்யாணம் முடிந்ததும், வந்து மயிலாப்பூர் வீட்டைக் காலி செய்துவிட்டு உங்களையும் இங்கேயே கூட்டிக்கொண்டு வந்துவிடுகிறேன் என்று எழுதியிருக்கிறாய். அந்த வரியை மூன்று நாள் திரும்பத் திரும்பப் படித்தேன். அதற்குக் கீழே இருந்த வரியை ஒரே தரம்தான் படித்தேன். அம்மா பக்கத்து ஆட்கள் ஒருத்தரும் என் கல்யாணத்துக்கு வரக்கூடாது, அவளுக்கு ஆறடி மண் தரமாட்டோம் என்று சொன்னவர்கள் என் வாசலை மிதிக்கக்கூடாது என்று எழுதியிருந்தாய்.

அவர்கள் அப்படிச் சொல்லவில்லை, சேகர். நான்தான் சொன்னேன். எட்டு வருஷமாக நீ நம்பிக்கொண்டிருப்பது என் வாயில் இருந்து வந்த பொய்.

இதை மொட்டையாகச் சொல்லிவிட்டு எழுந்து போய்விடலாம் என்றுதான் இருந்தது. நேற்று முழுக்க எழுதுவதும் கிழிப்பதுமாக இருந்தேன். ஆனால் நீ அவளுடைய பிள்ளை, ஏன் என்று கேட்பாய். ஏன் என்பதைச் சொல்ல வேண்டுமானால் கொஞ்சம் பின்னால் போகவேண்டும். பொறுத்துக்கொள், கிழவனுக்குச் சுருக்கமாகப் பேச வராது.

உன் அம்மா பெரின் ராயபுரத்துப் பார்சி வீட்டுப் பெண். மவுண்ட் ரோட்டில் நான் குமாஸ்தாவாக இருந்த ஆபீஸில் அவள் டைப்பிஸ்ட். ரிஜிஸ்தர் கல்யாணம் செய்துகொண்டதும் அவள் பக்கத்தில் கதவைச் சாத்தினார்கள். என் பக்கத்தில் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு பேசாமல் இருந்தார்கள். ராயபுரத்திலேயே பிறந்து வளர்ந்ததால் அவள் வாயில் வருவதெல்லாம் 'இன்னா', 'கீது'தான். மயிலாப்பூரில் நாம் குடியிருந்த தெருவில் அதைக் கேட்டுச் சிரிப்பார்கள். குஜராத்திக்காரி மாதிரி இருக்கிறாள், துறைமுகத்துத் தமிழ் பேசுகிறாளே என்று. அவளும் கூடச் சேர்ந்து சிரிப்பாள். எனக்குத்தான் கூசும். அந்தக் கூச்சம்தான் என் வாழ்க்கை முழுக்க என்னைக் கெடுத்தது என்று இப்போது தோன்றுகிறது.

நெருப்பிடம் அவளுக்கு இருந்த மரியாதை உனக்கு நினைவிருக்கும். கரியடுப்பை விசிறியால்தான் விசிறுவாள். ஊதுகுழலைத் தொடமாட்டாள். மனுஷ மூச்சு, எச்சில், அழுக்கு எதுவும் நெருப்பின்மேல் படக்கூடாது என்பாள். கை வலிக்க அரைமணி நேரம் விசிறிக்கொண்டு நிற்பாள். ஆபீஸுக்கு நேரமாகிறது, ஒரு ஊது ஊதினால் என்ன குறைந்துபோகும் என்று நான் கத்துவேன். "நீ பட்டினியாப் போனாலும் ஊத மாட்டேங்க" என்பாள். நீ, வாங்க, போங்க எல்லாம் ஒரே வாக்கியத்தில் வரும் அவளுக்கு.

சிஸ்தாவைப் பற்றி அவள் சொன்னதையும் நீ மறந்திருக்கமாட்டாய். அவர்களுடைய பெரிய தெய்வத்தின் பேருக்கே ஞானமுள்ள தலைவன் என்றுதான் அர்த்தமாம். அவருக்குத் துணையாக இருக்கும் தெய்வங்களில் சிஸ்தா ஒருத்தி. அவளும் அறிவுக்கான தெய்வம்தான், ஆனால் புத்தக அறிவு இல்லை, எந்த வழியில் போவது என்று தெரிகிற அறிவு. ஒருதரம் நான், அட, நம்ம சரஸ்வதி மாதிரி என்றேன். "சரஸ்வதி ஒக்காந்துக்கினு கீறாங்க. எங்க சிஸ்தா நடந்துக்கினே இருப்பா" என்றாள். வெள்ளை உடுத்தி நமக்கு முன்னால் நடந்துகொண்டிருப்பாள், நேர்வழியாகத்தான் போவாள், நாம் பின்னாலேயே போகவேண்டும். அவளிடம் பார்வையையும் கேட்டுக்கொள்வார்களாம். ஆற்றின் ஆழத்தில் இருந்து மேலே அலை அசைவதைப் பார்க்கிற மீனின் பார்வை, இருட்டில் ஒற்றை மயிரைப் பார்த்துவிடுகிற குதிரையின் பார்வை. நீ கண் பரிசோதனைக்குப் போன அன்று இதைச் சொல்லித்தான் உன் பயத்தைப் போக்கினாள்.

அப்போது உனக்கு ஆறு வயது. பள்ளிக்கூடத்தில் ஆண்டுப் பரீட்சை. தெருவில் இறங்கினோம். எதிர்வீட்டில் இருந்து விசாலம் மாமி வெளியே வந்தாள். பதினெட்டு வயதில் தாலியறுத்தவள், வெள்ளைப் புடவை. நல்ல காரியத்துக்குப் போகிறவர்கள் எதிரில் வந்துவிடக்கூடாது என்று, யாராவது புறப்படும்போது அவளே கதவுக்குப் பின்னால் ஒதுங்கிக்கொள்வாள். அன்று பார்க்காமல் வந்துவிட்டாள். உன்னைப் பார்த்ததும் திரும்பி உள்ளே போகப் பார்த்தாள். நீ ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "சிஸ்தா, நீ முன்னாடி போ" என்றாய். தெருவே பார்த்தது. பால்காரர், அடுத்த வீட்டு வக்கீல் குமாஸ்தா, பூக்காரி எல்லாரும் நின்றுவிட்டார்கள். உன்னை இழுத்து முதுகில் ஓர் அறை வைத்தேன். "ஏம்ப்பா கொழந்தையை அடிக்கறே? தெரியாம பண்ணிடுத்து" என்றாள் மாமி. உன் அம்மா உன்னைத் தூக்கிக்கொண்டு மாமியிடம் போய், "கொஞ்ச தூரம் வாங்க மாமி. புள்ள கேக்குதில்ல" என்றாள். மாமி முன்னால், நீங்கள் இருவரும் பின்னால். தெருமுனை வரைக்கும் போனீர்கள். நான் அங்கேயே நின்றேன். அந்தப் பரீட்சையில் நீ நன்றாகத்தான் எழுதியிருந்தாய்.

அதற்கு அடுத்த வருஷமோ என்னவோ, உனக்கு அவர்கள் முறையில் சடங்கு செய்து, வெள்ளை உள்சட்டையும் இடுப்புக் கயிறும் போடவேண்டும் என்று ஆசைப்பட்டாள். அப்பன் வேறு சாதி, அதனால் சிலர் ஆகாது என்றார்கள், சிலர் பார்க்கலாம் என்றார்கள். பார்க்கலாம் என்று ஆள் மூலம் சொல்லியனுப்பியவர் அவள் அண்ணன் சொராப். இத்தனைக்கும் அவளோடு பேச்சை நிறுத்தியிருந்த மனிதர். நான்தான் வேண்டவே வேண்டாம் என்றேன். தெருவில் என்ன சொல்வார்கள் என்ற அதே கூச்சம். அவள் ஒரு நாள் அழுதாள், மறுநாள் அடுப்பை விசிறினாள். அதன் பலன் எங்கே வந்து நின்றது என்பதைப் பிறகு சொல்கிறேன்.

அவள் போவதற்கு ஒரு மாசத்துக்கு முன்னால், குளக்கரையில் காய் வாங்கிக்கொண்டு வரும்போது, பேச்சோடு பேச்சாக, "நான் போய்ட்டா என்னை நெருப்புல வச்சிடாதீங்க. அண்ணன்கிட்ட சொல்லு, அது பாத்துக்கும்" என்றாள். ராயபுரத்தில் அவர்களுக்கென்று ஓர் இடுகாடு உண்டு, அங்கே மண்ணில்தான் வைப்பார்கள். 'ம்' என்றேன். கத்தரிக்காய் சொத்தையா என்று பார்த்துக்கொண்டே சொன்ன 'ம்'.

மாநிலத்துக்குப் பேர் மாறிய அந்த வருஷம், ஒரு விடியற்காலையில் மார்வலி என்றாள். ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. எட்டு மணிக்கு வீட்டுக் கூடத்தில் கிடத்தினோம். நீ அவள் கால்மாட்டில் உட்கார்ந்தாய். நான் சரியாகத்தான் ஆரம்பித்தேன், சேகர். அதையாவது நம்பு. எதிர்வீட்டில்தான் டெலிபோன். அங்கே போய் ராயபுரத்துக்குப் பேசினேன். இருபத்தொரு வருஷத்துக்குப் பிறகு என் குரலைக் கேட்ட சொராப், முதலில் அழுதார். கேட்டுச் சொல்கிறேன் என்றார். ஒன்பதரை மணிக்கு அவரே கூப்பிட்டார். மாமி வாசலில் வந்து என்னை அழைத்தாள்.

"ஒத்துக்கினாங்க மச்சான்" என்றார் சொராப். "குழி வெட்டச் சொல்லிட்டேன். நாலு மணிக்குள்ள இட்டாந்துடு, பொழுது சாஞ்சா எடுக்கமாட்டாங்க. வண்டி அனுப்பட்டுமா?" வேண்டாம், நானே கொண்டு வருகிறேன் என்றேன். அவர் கொஞ்சம் தயங்கிவிட்டு, "ஒண்ணு சொல்லணும். ஜெபம் ஆரம்பிச்சப்பறம் வெளியாளுங்க மொகம் பாக்கக்கூடாது. அது எங்க வழக்கம், என்னால மாத்த முடியாது. நீ வெளிய பெஞ்சுலதான் ஒக்காரணும்" என்றார். பையன்? என்றேன். "சடங்கு ஆகலியே மச்சான். அவனும் வெளியதான்" என்றார். சரி என்று சொல்லி வைத்துவிட்டேன்.

நம் தெரு பன்னிரண்டு தப்படி அகலம். அந்தப் பன்னிரண்டு தப்படிக்குள் என் மனசு மாறியது. இருபத்தொரு வருஷம் என்னோடு இருந்தவளை, கடைசி நாளில் அவர்களிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு நான் பெஞ்சில் உட்காருவதா? அவள் முகத்தைக் கடைசியாகப் பார்க்கக்கூட நான் யாரோ ஒருத்தரா? ஆத்திரம், வயிற்றெரிச்சல், என்னவென்று சொல்ல. அதற்கு வேறு யார்மேலும் பழி போடமுடியாது, உன்னைப் பெஞ்சுக்கு அனுப்பியதும் நான்தான், அன்றைக்கு அந்தச் சடங்கை வேண்டாம் என்றவன் நான்தானே. அது அப்போது என் மண்டையில் ஏறவில்லை. வாசற்படி ஏறினேன். நீ தலையைத் தூக்கி, "என்னப்பா சொன்னாங்க?" என்றாய்.

"முடியாதுன்னுட்டாங்க."

அவ்வளவுதான். ஒரே வார்த்தை. நீ தலையைக் குனிந்துகொண்டாய். பிறகு, "அப்பா, அம்மா நெருப்பை வாயால ஊதக்கூட மாட்டாளேப்பா. அதுல எப்படிப்பா வைக்கிறது?" என்றாய். வேறு வழி இல்லை என்றேன். மூன்று மணிக்குக் கிருஷ்ணாம்பேட்டைச் சுடுகாடு. மொட்டை போட்டுக்கொண்டு, தோளில் பானையோடு நீ சுற்றி வந்தாய். கொள்ளியை உன் கையில் கொடுத்தார்கள். அவள் கும்பிட்ட நெருப்பை, அவளே பெற்ற பிள்ளையின் கையால் அவள்மேல் வைக்கச் சொன்னேன்.

இன்னும் இருக்கிறது. கொள்ளி வைப்பதற்கு முன்னால், வரட்டியை முகத்தின்மேல் வைக்கப் போகும்போது, வெட்டியான் வழக்கம்போலக் குரல் கொடுத்தான். "மொகம் பாக்கறவங்க பாத்துக்குங்க." எதற்காக இத்தனையும் செய்தேனோ அது அந்த நிமிஷம்தான். நான் திரும்பி நின்றுகொண்டேன். அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. அவள் கண் மூடித்தான் இருந்தது, இருந்தாலும் பார்த்துவிடுவாள் என்று பயந்தேன். நான் பார்க்கவே இல்லை, சேகர். அந்த முகம் எனக்கும் கிடைக்கவில்லை, அவள் அண்ணனுக்கும் கிடைக்கவில்லை.

அன்று சாயங்காலம் விசாலம் மாமி வாசலுக்கு வெளியே நின்று என்னைக் கூப்பிட்டாள். டெலிபோன் பக்கத்தில் இருந்தவள், நான் சரி சரி என்றதைக் கேட்டவள். "நீ பொய் சொல்லிட்டே. நான் சொல்லமாட்டேன். ஆனா கொழந்தைகிட்ட நீயே சொல்லிடு, நாளாக நாளாகக் கஷ்டம்" என்றாள். சொல்கிறேன் மாமி என்றேன். அதற்குப் பிறகு ஏழு வருஷம் அவள் அந்த வீட்டில் இருந்தாள். ஒவ்வொரு நாளும் வெள்ளைப் புடவையில் எதிரே நடந்துபோவாள். ஒரு நாள்கூட மறுபடி கேட்கவில்லை. அவள் எதிரில் வந்தால் நான்தான் கதவுக்குப் பின்னால் ஒதுங்கினேன். போன வருஷம் அவளும் போய்விட்டாள்.

சொல்லியிருக்கலாம். வாய்ப்பு வராமல் இல்லை. உனக்கு வேலை கிடைத்த புதிதில், பாண்டி பஜாரில் சட்டைத்துணி எடுத்துக்கொண்டு வரும்போது, ஒரு பார்சி அம்மாள் ஓடிவந்து, "பெரின் மவன்தானே நீ? அப்பிடியே அவ கண்ணு" என்று உன் கன்னத்தைத் தொட்டாள். நீ அவள் கையைத் தட்டிவிட்டு, "எங்கம்மாவைத் துரத்தினவங்கதானே நீங்க?" என்று கேட்டாய். நடுத்தெருவில். அந்த அம்மாள் என்னைப் பார்த்தாள். நான் துணிப்பையைப் பார்த்தேன். அன்றைக்குச் சொல்லியிருந்தால் நீ என்னை அடித்திருப்பாய். அடித்திருந்தாலும் இன்றைக்கு ஆறியிருக்கும். இப்போது உனக்கு இருபத்தெட்டு வயது, உன் வெறுப்புக்கு எட்டு வயது. நான் வளர்த்த இரண்டாவது பிள்ளை அது.

நேற்றைக்கு முந்தின நாள் காலையில் வாசலில் ஒருத்தர் வந்து நின்றார். யார் என்றேன். "நான்தான் மச்சான், சொராப்பு" என்றார். உள்ளே வரச் சொன்னேன். செருப்பை விட்டுவிட்டு உட்கார்ந்தார். பெரினோடு வேலை பார்த்த ஒருத்தர் உன் கல்யாணச் சேதியைச் சொன்னாராம். "தங்கச்சி புள்ள கல்யாணம். தாய்மாமன் போவலைன்னா நல்லா கீதா?" என்றார். மாலை, தேங்காய், உனக்கு ஒரு வெள்ளைச் சட்டைத்துணி, பொண்ணுக்கு ஒரு புடவை எல்லாம் வாங்கி வைத்துவிட்டாராம். உன் பம்பாய் விலாசம் கேட்டார். அத்தோடு நிற்கவில்லை. "ஒனக்குக் கண்ணு சரியில்லன்னாங்க. பம்பாய்க்கு ரெண்டு டிக்கெட்டா எடுத்துட்டேன். ஒண்டியா எப்பிடிப் போவே?" என்றார்.

நான் அன்றைய நாளைப் பற்றிப் பேச வாயெடுத்தேன். அவர் முந்திக்கொண்டார். "நாலு மணி வரைக்கும் வாசல்ல நின்னுக்கினு இருந்தோம். அப்பறம் மத்தவங்க போய்ட்டாங்க, நான் இருட்டுற வரைக்கும் நின்னேன். வண்டி கெட்டுப்போச்சோ இன்னாவோன்னு. வெட்டின குழிய நானே மண்ணு தள்ளி மூடினேன். வுடு மச்சான். ஒனக்கு மனசு வரல, கட்டினவன்தானே" என்றார். அவர்கள் மறுத்துவிட்டதாக நான் உன்னிடம் சொன்னது அவருக்குத் தெரியாது. தெரியாமலே என்னை மன்னித்துவிட்டு உட்கார்ந்திருந்தார். அதை அவரிடமும் சொல்லவில்லை. நான் எப்பேர்ப்பட்டவன் என்று பார்த்துக்கொள்.

அவரைப் பார்த்தேன். ஒரே தடவையில் எனக்கு முழு முகம் தெரியாது, துண்டு துண்டாகத்தான் பார்க்கவேண்டும். முதலில் மூக்கு தெரிந்தது. அவள் மூக்கு. தலையைக் கொஞ்சம் நகர்த்தினேன், புருவம். அதுவும் அவளுடையதுதான். வாய்க்கு வரும்போது மூக்கு மறைந்துவிட்டது. எத்தனை முறை முயன்றும் எல்லாம் ஒன்றாகச் சேரவில்லை. "இன்னா மச்சான், தலைய ஆட்டிக்கினே கீறே?" என்றார். ஒன்றுமில்லை என்றேன்.

கண் போனதை அவள் தெய்வத்தின் கோபம் என்று நான் எடுத்துக்கொள்ளவில்லை. அப்படி நினைத்தால்கூட ஓர் ஆறுதல் இருக்கும், தண்டனை முடிந்தது என்று. இது வெறும் வியாதி. பார்வை நன்றாக இருந்த நாளில், முன்னால் போனவளைப் பார்த்தும் பின்னால் போகாமல் நின்றவன் நான். அதற்கு யார் என்ன செய்யமுடியும்? உனக்குப் புத்தி சொல்லும் யோக்கியதை எனக்கு இல்லை. இருந்தாலும் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறாய், ஒன்றே ஒன்று சொல்கிறேன். உன்னைக் கட்டிக்கொண்டு வருகிறவள் பேச்சோடு பேச்சாக எதையாவது கேட்டால், கையில் இருக்கும் கத்தரிக்காயைக் கீழே வைத்துவிட்டுக் கேள்.

நான் வரவில்லை. அந்த இரண்டாவது டிக்கெட்டைத் திருப்பிக் கொடுத்துவிடச் சொல்லிவிட்டேன். இரண்டு நாள் ரயிலில் அந்த மனிதருக்குப் பக்கத்தில் உட்கார என்னால் முடியாது. கல்யாணத்துக்குப் பிறகு என்னைக் கூட்டிக்கொண்டு போகிறேன் என்று எழுதியது இதைத் தெரிந்துகொள்ளாமல் எழுதியது. அதை நான் பிடித்துக்கொள்ளமாட்டேன். நீ வரமாட்டாய் என்றே வைத்துக்கொண்டு, எதிர்வீட்டில் இப்போது குடியிருப்பவர்களிடம் தினம் ஒரு வேளை சாப்பாடு ஏற்பாடு செய்திருக்கிறேன்.

தபாலில் போட்டால் நீ பிரிக்காமல் வைத்துவிடுவாய், கல்யாண வேலையில் மறந்தும்போவாய். அதனால் இதைச் சொராப் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன். அவருக்குத் தமிழ் பேசத்தான் தெரியும், படிக்கத் தெரியாது. தன்னைப் பற்றித்தான் இதில் எழுதியிருக்கிறது என்று தெரியாமல், சட்டைப்பையில் பத்திரமாக வைத்துக்கொண்டு வருவார். நீ முதல் பக்கத்தைப் படிக்கும்போது அவர் மாலையும் தேங்காயும் வைத்துக்கொண்டு வெளியே நின்றுகொண்டிருப்பார். நீ உள்ளே கூப்பிடாமல் அவர் வரமாட்டார். அது அவர் சுபாவம்.

என்னை என்ன செய்வது என்று அப்புறம் யோசி. இந்தக் கடிதத்தை முடிக்கும் வரைக்கும்கூட அவரை நிற்க வைக்காதே. ஏற்கெனவே ஒருநாள் இருட்டுகிற வரைக்கும் நின்றிருக்கிறார். எழுந்து போய்க் கதவைத் திற.

அப்பா